கைதட்டலில்தான் தெரியும்: கிளாசிக் ராக் லைவ் ஆல்பங்களை லாஸ்லெஸ் தரத்தில் கேட்பது பற்றி ஒரு விமர்சனம்

லாஸ்லெஸ் தரத்துக்கு, அதாவது ஒலியில் எதையும் இழக்காமல் சுருக்கிய தரத்துக்கு, ஸ்ட்ரீமிங் சந்தா எடுத்ததும் பெரும்பாலானவர்கள் முதலில் போட்டுப் பார்ப்பது கிதார் சோலோவைத்தான். ஏமாற்றமும் அங்கேயே ஆரம்பிக்கிறது. கிதார் ஆம்ப்ளிஃபயரின் ஸ்பீக்கர் 5 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் வேகமாகச் சரிந்துவிடும். அந்த ஒலியை, எம்பி3 மாதிரிச் சிலவற்றை வீசிவிட்டுச் சுருக்கும் 256 கேபிபிஎஸ் (விநாடிக்கு 256 கிலோபிட்) ஏஏசி கோப்பே அலுங்காமல் கொண்டுவந்து சேர்த்துவிடும். லைவ் ஆல்பத்தில் வித்தியாசம் ஒளிந்திருக்கும் இடங்கள் வேறு. பாட்டு முடிந்ததும் எழும் கைதட்டலில் ஒன்று. ஒரு ட்ராக் முடிந்து அடுத்தது தொடங்கும் ஒட்டில் இன்னொன்று.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். லைவ் ஆல்பத்துக்கு லாஸ்லெஸ் வேண்டுமா என்றால், வேண்டும். ஸ்டுடியோ ஆல்பத்தைவிடக் கூடுதலாகவே வேண்டும். ஆனால் சிடி தரம், அதாவது 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ் (விநாடிக்கு 44,100 சாம்பிள் என்ற ஒலி அளவீடுகள், ஒவ்வொன்றும் 16 பிட்), தாராளமாகப் போதும். 1970-களில் மேடையோரம் நிறுத்திய எட்டு ட்ராக் டேப் இயந்திரத்தில் பதிவானதை 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸில் கேட்பதற்காக அலைவதைவிட, அந்த ஆல்பத்தின் எந்த வருட மாஸ்டரிங் (வெளியிடுமுன் ஒலியை இறுதியாகச் செப்பனிடும் வேலை) கையில் இருக்கிறது என்று பார்ப்பதில் பத்து மடங்கு பலன் உண்டு.

கைதட்டல் ஏன் கோடெக்குக்குத் தலைவலி

இரண்டாயிரம் பேர் கைதட்டுகிறார்கள் என்றால் ஆயிரக்கணக்கான குட்டி வெடிப்புகள். ஒவ்வொன்றும் வெவ்வேறு கணத்தில், வெவ்வேறு திசையிலிருந்து. எம்பி3 என்கோடர் (கோடெக்கில் சுருக்கும் வேலையைச் செய்யும் பகுதி) ஒலியை 576 சாம்பிள் கட்டங்களாக எடுத்துச் சுருக்குகிறது. சிடி சாம்பிள் வேகத்தில் ஒரு கட்டம் ஏறக்குறைய 13 மில்லிநொடி. கட்டத்தின் நடுவில் ஒரு கை தட்டினால், சுருக்கும்போது உண்டாகும் பிழை அந்தக் கட்டம் முழுக்கப் பரவுகிறது. தட்டலுக்கு முன்பே மெல்லியதாக ஒரு 'ஷ்' ஒட்டிக்கொள்ளும். ப்ரீ-எக்கோ என்பது இதுதான்.

இதைச் சமாளிக்க என்கோடர் 192 சாம்பிள் சின்னக் கட்டங்களுக்கு மாறும். டிரம் அடிக்கு இந்த உபாயம் செல்லும், ஏனென்றால் ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் இடையே மூச்சு விட நேரம் இருக்கிறது. கைதட்டலில் அது கிடையாது. எல்லாக் கட்டமும் சின்னக் கட்டமாகவே வேண்டும், எல்லாவற்றுக்கும் பிட் வேண்டும், குறைந்த பிட்ரேட்டில் அத்தனை பிட் இல்லை. அப்போது தனித்தனிக் கைகள் மறைந்து, தகரக் கூரையில் விழும் மழை மாதிரி ஒரே சலசலப்பாகிவிடும். கூட்டம் இடமும் வலமும் பரந்து கேட்பதற்குப் பதிலாக நடுவில் ஒரு மூட்டையாகக் குவிந்துவிடும். விடாமல் அடிக்கும் கிராஷ் சிம்பலுக்கும் இதே கதிதான்.

ஃபிளாக் என்ற லாஸ்லெஸ் கோப்பு வகையில் இந்தச் சிக்கலே இல்லை. அது எதையும் வீசுவதில்லை. அடுத்த சாம்பிள் என்னவாக இருக்கும் என்று ஊகித்து, ஊகத்துக்கும் உண்மைக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டும் எழுதி வைக்கிறது. ஊகிக்க முடியாத ஒலி வந்தால் கோப்பு பெருக்கிறது, அவ்வளவே. பிட்ரேட்டை ஓடும்போதே காட்டுகிற பிளேயரில் இதைக் கண்ணாலேயே பார்க்கலாம். டீப் பர்ப்பிளின் 'மேட் இன் ஜப்பான்' ஆல்பத்தில் 'சைல்ட் இன் டைம்' ஆரம்பத்தில் ஆர்கன் தனியாக நிற்கும்போது எண் இறங்கிக் கிடக்கும். முழு வாத்தியமும் சேர்ந்து, மேலே கூட்டத்தின் கூச்சலும் ஏறும்போது குபுக்கென்று ஏறும். சுருக்காத சிடி ஒலி 1411 கேபிபிஎஸ். அமைதியான இசை ஃபிளாக்கில் அதில் பாதிக்கும் கீழே போகும். கூட்டம் நிறைந்த ராக் கச்சேரி 900, 1000 என்று நிற்பது சகஜம். கோப்பு ஏன் இவ்வளவு பெரிது என்று கவலைப்பட வேண்டாம்.

இதெல்லாம் கேட்குமா, காகிதத்தில் மட்டும்தானா? 128 கேபிபிஎஸ் எம்பி3-யில் யாருக்கும் கேட்கும். 192-இல் காதைக் கொடுத்தால் கேட்கும். நல்ல என்கோடரில் 256-ஐத் தாண்டிவிட்டால் பெரும்பாலான காதுகள் தோற்றுவிடும், கைதட்டலிலும்கூட. இதை ஒப்புக்கொள்ளாத விமர்சனங்களை நம்பாதீர்கள். சந்தேகம் இருப்பவர்கள் ஃபூபார்2000 பிளேயரில் ஏபிஎக்ஸ் (எது எது என்று தெரியாமல் ஒப்பிட்டுக் கேட்கும் சோதனை) துணைநிரலைப் போட்டுச் சோதிக்கலாம். ஃபிளாக் கோப்பிலிருந்து கைதட்டல் வரும் இருபது விநாடியை வெட்டுங்கள். அதையே லேம் என்ற எம்பி3 என்கோடரில் 128, 192, 320 என்று மூன்றாக மாற்றுங்கள். ஒலி அளவு சமமாக இருக்கிறதா என்று உறுதி செய்துகொண்டு, ஒவ்வொன்றுக்கும் 16 சுற்று. 16-க்கு 12 சரியாகச் சொன்னால், அது குருட்டு அதிர்ஷ்டமாக இருக்கும் வாய்ப்பு நான்கு சதவீதத்துக்கும் குறைவு. 9, 10 என்று வந்தால் வித்தியாசம் உங்களுக்குக் கேட்கவில்லை என்று எடுத்துக்கொள்ளலாம். ஒரே மூச்சில் 16 சுற்றும் போகாதீர்கள், ஐந்தாறு சுற்றிலேயே காது சோர்ந்துவிடும்.

அப்படியானால் 320 எம்பி3-யே போதாதா? ஒட்டு என்ற ஒன்று இருக்கிறதே.

ஒட்டு

லைவ் ஆல்பத்தில் ட்ராக் எண்கள் வெறும் அடையாளக் கற்கள். ஒலி எங்கும் நிற்பதில்லை. முதல் பாட்டின் கைதட்டல் இரண்டாம் ட்ராக்குக்குள் வழிந்தோடும், பாடகர் ஏதோ சொல்வார், டிரம்மர் குச்சியைத் தட்டி எண்ணுவார். இந்த இடத்தில் கண் சிமிட்டும் நேரம் மௌனம் விழுந்தாலும் அரங்கமே ஒரு கணம் அணைந்து எரிகிற மாதிரி இருக்கும்.

எம்பி3-யின் அமைப்பே அந்த மௌனத்தை உண்டாக்குகிறது. ஒரு ஃப்ரேம் 1152 சாம்பிள். பாட்டின் நீளம் 1152-ஆல் மீதமின்றி வகுபடாவிட்டால், கடைசி ஃப்ரேமின் மிச்ச இடத்தில் மௌனம் நிரப்பப்படும். தொடக்கத்திலும் அப்படியே: லேம் என்கோடர் 576 சாம்பிள் தாமதம் சேர்க்கும், டிகோடர் தன் பங்குக்கு 529. ஏஏசி-யில் பல என்கோடர்கள் முன்னால் 2112 சாம்பிள் வைக்கின்றன, கிட்டத்தட்ட 48 மில்லிநொடி. இந்த எண்களைக் கோப்பின் தலைப்பகுதியில் குறித்து வைத்து, பிளேயரும் அதைப் படித்து வெட்டினால் ஒட்டு தெரியாது. படிக்காத பிளேயர்கள் இன்றும் ஏராளம், குறிப்பாகக் கார் ஸ்டீரியோக்களிலும் மலிவான யுஎஸ்பி பிளேயர்களிலும்.

ஃபிளாக்கும், ஆப்பிளின் லாஸ்லெஸ் வகையான அலாக்கும் சாம்பிள் எண்ணிக்கையைத் துல்லியமாக வைத்திருக்கின்றன. ஒட்டு சரியாக விழுவதற்கு வேண்டியது எல்லாம் கோப்பில் இருக்கிறது. ஆனாலும் துண்டு விழலாம், அப்போது குற்றம் கோப்பின் மேல் இல்லை. அடுத்த பாட்டைப் பிளேயர் முன்கூட்டியே திறந்து வைக்காமல், இது முடிந்த பிறகு திறந்தால் இடைவெளி வரும். வைஃபை வழியாக ரிசீவருக்கு, வீட்டு நெட்வொர்க்கில் இசையைக் கடத்தும் டிஎல்என்ஏ நெறிமுறையில் அனுப்பும்போது இது அதிகம். அடுத்த பாட்டின் முகவரியை முன்கூட்டியே வாங்கி வைத்துக்கொள்வது அந்த நெறிமுறையில் கட்டாயமில்லை. கருவி வாங்குமுன் கேப்லெஸ் (இடைவெளியின்றி ஓடும்) ஆதரவு உண்டா என்று பார்ப்பது, அது எத்தனை கிலோஹெர்ட்ஸ் வரை போகும் என்று பார்ப்பதைவிட முக்கியம்.

சோதிக்க எளிய வழி: ஒட்டுக்கு முந்தைய பத்து விநாடியிலிருந்து ஓடவிடுங்கள். கைதட்டல் வழுக்கிக்கொண்டு போனால் சரி. 'டிக்' என்று ஒரு சொடுக்கோ மூச்சு நின்றது மாதிரி ஒரு வெற்றிடமோ வந்தால், செயலியில் கிராஸ்ஃபேட் அணைந்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள். கிராஸ்ஃபேட் துண்டை மறைத்துவிடும் என்று அதை இயக்கிவிடுபவர்கள் உண்டு. வைத்தியம் நோயைவிட மோசம். இரண்டு ட்ராக்குகளும் ஒன்றின் மேல் ஒன்று ஏறி, பாடகர் பேச்சின் கடைசி வார்த்தை அடுத்த பாட்டின் முதல் அடியில் அமுங்கிப்போகும்.

ஒலி அளவைச் சமப்படுத்தும் வசதியிலும் இதே வகைக் கண்ணி இருக்கிறது. ரீப்ளேகெயினில் ட்ராக் முறை, ஆல்பம் முறை என்று இரண்டு உண்டு. ட்ராக் முறையில் வைத்தால் அமைதியான பாட்டை ஏற்றி, சத்தமான பாட்டை இறக்கும். விளைவாக ட்ராக் எண் மாறும் அந்தக் கணத்தில் கைதட்டல் திடீரென்று பாதியாகக் குறையும், அல்லது எகிறும். லைவ் ஆல்பத்துக்கு எப்போதும் ஆல்பம் முறைதான்.

எந்தப் பதிப்பு என்பதே பெரிய கேள்வி

தி ஹூவின் 'லைவ் அட் லீட்ஸ்' 1970 பிப்ரவரி 14 அன்று லீட்ஸ் பல்கலைக்கழக உணவுக்கூடத்தில் பதிவானது. அதே ஆண்டு மே மாதம் வந்த எல்பியில் ஆறே பாட்டுகள். அதன் லேபிளிலேயே, வெடிவெடிப்புச் சத்தம் இருக்கும், சரிதான், திருத்த வேண்டாம் என்று எழுதியிருந்தார்கள். சத்தம் டேப்பிலேயே இருந்தது. எஞ்சினியர்கள் அதை நீக்க முயலாமல் இருக்கத்தான் அந்தக் குறிப்பு. 1995 சிடி பதிப்பு பதினான்கு பாட்டுகளாக விரிந்தது, சத்தத்தைக் கணினியில் துடைத்தும் விட்டார்கள். 2001-இல் 'டாமி' ராக் ஓபரா முழுவதையும் சேர்த்து இரண்டு சிடி பதிப்பு வந்தது. ஆக, 'லைவ் அட் லீட்ஸ், ஃபிளாக், 24 பிட்' என்று யாராவது பெருமையடித்தால், அவர் எந்த லீட்ஸைச் சொல்கிறார் என்பது அந்த வரியில் இல்லை. பாட்டு வரிசை வேறு, மிக்ஸ் வேறு, சத்தம் இருக்கிறதா இல்லையா என்பதும் வேறு. மறுநாள் ஹல் நகரில் நடந்த கச்சேரியும் 2010-இல் வெளியானது. அதில் முதல் சில பாட்டுகளுக்கு பேஸ் கிதார் டேப்பில் பதிவாகவே இல்லை. லீட்ஸ் டேப்பிலிருந்து பேஸ் கலைஞர் என்ட்விசில் வாசித்ததை எடுத்துத்தான் ஒட்டியிருக்கிறார்கள். எத்தனை பிட் ஃபிளாக் என்றாலும் பதிவாகாததைக் கொண்டுவராது.

'மேட் இன் ஜப்பான்' இன்னொரு பாடம். 1972 ஆகஸ்ட் 15, 16 தேதிகளில் ஒசாகாவிலும், 17 அன்று டோக்கியோ புடோகானிலும் பதிவானவற்றிலிருந்து ஏழு பாட்டுகளைத் தொகுத்தது. எஞ்சினியர் மார்ட்டின் பர்ச். வெவ்வேறு இரவின் பாட்டுகள் அடுத்தடுத்து வருவதால், கைதட்டலைக் கைதட்டலோடு ஒட்டித் தைத்திருக்கிறார்கள். நல்ல ஹெட்போனில் லாஸ்லெஸில் கேட்டால் சில தையல்களில் அரங்கத்தின் எதிரொலி மாறுவதைப் பிடிக்கலாம். இதில் மேடையிலிருந்து ஒரு கோரிக்கை கேட்கும்: எல்லாமே மற்ற எல்லாவற்றையும்விடச் சத்தமாக வேண்டும் என்று. 1990-களின் நடுவிலிருந்து வந்த ரிமாஸ்டர்களில் பல, எந்த ஆல்பத்துக்கானாலும், அந்தக் கோரிக்கையைச் சட்டமாகவே எடுத்துக்கொண்டன.

விஷயம் விளையாட்டல்ல. லைவ் இசையின் உயிர் அதன் ஏற்ற இறக்கத்தில் இருக்கிறது. ஸ்னேர் அடி மற்ற ஒலியைவிட எவ்வளவு எழும்பி நிற்கிறது என்பதுதான் எதிரே ஒரு டிரம் இருக்கிறது என்று நம்ப வைக்கிறது. லிமிட்டர் போட்டு அந்த முனையை வெட்டி, மொத்தத்தையும் மேலே ஏற்றினால் பாடலும் கைதட்டலும் ஒரே உயரத்தில் நிற்கும். பாட்டு முடிந்த பிறகு கூட்டத்தின் சத்தம் வாத்தியத்துக்குச் சமமாகப் பொங்கி வந்தால், அந்த மாஸ்டரிங்கைச் சந்தேகப்படுங்கள். எண்ணில் பார்க்க, இரண்டு பதிப்புகளின் ஆல்பம் ரீப்ளேகெயின் மதிப்பை ஒப்பிடுங்கள். மைனஸ் 2, மைனஸ் 4 டெசிபல் என்று இருந்தால் ஆளை விட்டுவைத்திருக்கிறார்கள். மைனஸ் 9, 10 என்றால் நசுக்கியிருக்கிறார்கள். இரண்டையும் காதால் ஒப்பிடும்போதும் இந்த வித்தியாசத்தைச் சமன் செய்த பிறகே கேளுங்கள். சத்தமாக இருப்பது முதல் நிமிடத்தில் எப்போதும் நன்றாகத்தான் தோன்றும்.

ரிமாஸ்டர் வேறு, ரீமிக்ஸ் வேறு என்பதையும் சேர்த்துப் பாருங்கள். ரிமாஸ்டரில் முடிந்துபோன ஸ்டீரியோ டேப்பின் டோனையும் அளவையும் மட்டும் தொடுவார்கள். ரீமிக்ஸில் எட்டு ட்ராக் டேப்புக்கே திரும்பிப் போய், கிதாரை எங்கே வைப்பது, கூட்டத்தை எவ்வளவு விடுவது என்று புதிதாக முடிவு செய்வார்கள். 'மேட் இன் ஜப்பான்' 2025-இல் ஸ்டீவன் வில்சன் கையில் ரீமிக்ஸ் ஆனது. ஒரே கச்சேரி, இரண்டு வேறு ஆல்பங்கள். இரண்டையும் வைத்துக்கொள்வதில் தவறில்லை. ஒன்றை இன்னொன்றின் 'தரம் உயர்ந்த' பிரதி என்று நினைப்பதுதான் தவறு.

24 பிட் பற்றி. 16 பிட்டின் எல்லை சுமார் 96 டெசிபல். அந்தக் கால அனலாக் டேப்பின் சொந்த இரைச்சலுக்கு மேலே கிடைக்கும் இடம், நல்ல நிலையிலேயே 60, 70 டெசிபல் அளவில்தான். அதன் மேல் ஆம்ப்ளிஃபயர்களின் ஹம், பிஏ ஸ்பீக்கர்கள், ஒவ்வொரு மைக்கிலும் கசியும் டிரம். 16 பிட்டின் அடித்தளத்துக்கு வெகு மேலேயே டேப் இரைச்சல் படிந்து கிடக்கிறது. அதற்குக் கீழே இன்னும் எட்டு பிட்டைத் தோண்டுவதால் இன்னும் துல்லியமான டேப் இரைச்சல் கிடைக்கும். ஆயினும் சில ஆல்பங்களில் 24 பிட் பதிப்பு உண்மையிலேயே நன்றாக இருக்கிறது. காரணம் பிட் அல்ல, அந்தப் பதிப்புக்கு லிமிட்டரைக் குறைவாகப் போட்டிருப்பார்கள். அப்படிப்பட்டதை வாங்குங்கள், இடம் போதாவிட்டால் 16 பிட்டாக மாற்றி வைத்துக்கொள்ளுங்கள். 75 நிமிட ஆல்பம் 16 பிட், 44.1-இல் ஏறக்குறைய 500 எம்பி. 24 பிட், 96-இல் ஒன்றரை ஜிபி பக்கம்.

ஸ்ட்ரீமிங்கில்

ஆப்பிள் மியூசிக்கில் 2021 முதல் அலாக், 24 பிட் 192 கிலோஹெர்ட்ஸ் வரை. கோபஸும் டைடலும் அதே அளவுக்கு ஃபிளாக். டைடல் 2024-இல் எம்க்யூஏ என்ற சுருக்க முறையைக் கைவிட்டது, அந்தக் குழப்பம் ஒழிந்தது. ஸ்பாட்டிஃபை 2025-இல் வந்து சேர்ந்தது, 24 பிட், 44.1 வரை. மேலே சொன்ன காரணத்தால் இந்த உச்ச எண்களை வைத்து எங்கள் தேர்வு மாறாது. தேர்வு மாறுவது பதிப்பில்தான். பெரும்பாலான சேவைகளில் கடைசியாக வந்த ரிமாஸ்டர் மட்டுமே இருக்கும், 1980-களின் சிடி மாஸ்டரிங் அபூர்வம். ஆல்பத்துக்குக் கீழே போட்டிருக்கும் வருடம் பல நேரம் முதல் வெளியீட்டு வருடம். மாஸ்டரிங் வருடத்தைக் கண்டுபிடிக்கக் கீழே காப்புரிமை வரியைப் பாருங்கள், போனஸ் ட்ராக் எண்ணிக்கையையும் பாருங்கள். கோபஸில் கோப்பாக வாங்கும் வசதியும் இருப்பது லைவ் ஆல்பம் சேகரிப்பவர்களுக்குச் சாதகம், சேவையிலிருந்து பதிப்பு மாறினாலும் உங்களிடம் இருப்பது மாறாது.

செட்டிங்கில் மாற்ற வேண்டியவை சொற்பம். லாஸ்லெஸை வைஃபை, மொபைல் டேட்டா, டவுன்லோடு மூன்றுக்கும் தனித்தனியே இயக்க வேண்டியிருக்கும். பலர் முதலாவதை மட்டும் தொட்டுவிட்டு மற்றதை மறந்துவிடுகிறார்கள். கிராஸ்ஃபேட், ஆட்டோமிக்ஸ் இரண்டையும் அணையுங்கள். ஆப்பிளில் டால்பி அட்மாஸை 'தானாக' என்று விட்டிருந்தால், அட்மாஸ் பதிப்பு உள்ள ஆல்பத்தில் அதுவே ஓடும். அது தனி மிக்ஸ், அதோடு லாஸி (சிலவற்றை இழந்து சுருக்கியது), 768 கேபிபிஎஸ். லாஸ்லெஸுக்குப் பணம் கட்டிவிட்டு லாஸியைக் கேட்கும் வேடிக்கை இது.

காதுக்குப் போகும் வழி

ப்ளூடூத்தில் போனால் லாஸ்லெஸ் பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும். எல்டாக் என்ற ப்ளூடூத் கோடெக் உச்சத்தில் 990 கேபிபிஎஸ், ஆனால் லாஸி. தானியங்கி முறையில் வைத்தால் சிக்னல் மங்கும்போது 660, 330 என்று இறங்கும். கைதட்டல் சலசலக்க ஆரம்பித்தால் அதுதான் காரணம். வயர் போடுங்கள். 24 பிட், 96 வரை போகும் ஒரு சாதாரண யுஎஸ்பி டாங்கிள் இந்த ஆல்பங்களுக்குத் தேவையானதைவிட அதிகம்.

இடையில் ஒலி ரீசாம்பிள் ஆவது, அதாவது வேறு சாம்பிள் வேகத்துக்கு மாறுவது, பரவலான விஷயம். ஆண்ட்ராய்டு பெரும்பாலும் எல்லாவற்றையும் 48 கிலோஹெர்ட்ஸுக்கு மாற்றி அனுப்பும். யுஎஸ்பி ஆடியோ பிளேயர் ப்ரோ மாதிரிச் செயலிகள் அதைத் தாண்டி நேராக டாக்குக்கு (டிஜிட்டல் கோப்பை ஒலி சிக்னலாக்கும் கருவிக்கு) போகின்றன. விண்டோஸில் அதற்கு வாசாபி எக்ஸ்க்ளூசிவ் முறை உண்டு. மேக்கில் ஆடியோ மிடி செட்டப்பில் சாம்பிள் வேகத்தைக் கையால் வைத்துக்கொள்ளலாம். இதை எல்லாம் செய்யாவிட்டால் காதுக்குத் தெரியுமா? அநேகமாகத் தெரியாது. இன்றைய ரீசாம்பிளர்கள் மோசமில்லை. இதற்காகத் தூக்கம் கெடுத்துக்கொள்ள வேண்டாம். ஈக்வலைசர், 'ஸ்பேஷியல்', 'பேஸ் பூஸ்ட்' எதுவும் ஓடாமல் பார்த்துக்கொள்வது அதைவிட முக்கியம்.

ஹெட்போனில் கேட்பவர்களுக்கு ஒன்று. அந்தக் கால லைவ் மிக்ஸ்களில் வாத்தியங்களை ஒரேயடியாக இடம், வலம் என்று தள்ளி வைப்பது வழக்கம். ஸ்பீக்கரில் அது மேடை மாதிரி இருக்கும், ஹெட்போனில் தலையை இரண்டாகப் பிளக்கும். கொஞ்சம் கிராஸ்ஃபீட் போடுங்கள். பெயர் ஒத்திருக்கிறதே என்று கிராஸ்ஃபேடைப் போட்டுவிடாதீர்கள். கிராஸ்ஃபீட் ஒரு காதின் ஒலியைச் சிறிதளவு மறு காதுக்கும் அனுப்பும்.

சிடி ரிப் செய்பவர்களும் கோப்பு இறக்குபவர்களும்

சிடியைக் கோப்பாக மாற்ற, அதாவது ரிப் செய்ய, விண்டோஸில் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி, மேக்கில் எக்ஸ்எல்டி, லினக்ஸில் விப்பர். எதுவானாலும் பிழையைச் சரிபார்த்துப் படிக்கும் செக்யூர் முறையில் எடுத்து, மற்றவர்களின் ரிப்களோடு ஒப்பிடும் அக்யூரேட்ரிப்பில் பொருந்துகிறதா என்று பாருங்கள். லைவ் சிடிக்கு மட்டும் உள்ள சிக்கல் ப்ரீகேப். சில லைவ் சிடிகளில் பாட்டுகளுக்கு இடையேயான பேச்சை ட்ராக்குக்கு முந்தைய இடைவெளியில் வைத்திருப்பார்கள். சிடி பிளேயரில் நேரம் மைனஸில் ஓடுமே, அந்தப் பகுதி. எக்ஸாக்ட் ஆடியோ காப்பி வழக்கமாக அதை முந்தைய ட்ராக்கின் வாலில் சேர்த்துவிடும், அப்படியே விடுங்கள். இடைவெளியை நீக்கு என்று தேர்ந்தெடுத்தால் பேச்சும் கைதட்டலும் போய்விடும், ஒட்டில் குழி விழும். ட்ராக் எல்லைகளைக் குறித்து வைக்கும் கியூ ஷீட்டையும் சேர்த்து வைத்துக்கொண்டால் பிறகு எந்த மாற்றமும் செய்யலாம்.

ஃபிளாக்கின் 0 முதல் 8 வரையிலான சுருக்க அளவுகளில் ஒலித் தரத்துக்குச் சம்பந்தமே இல்லை. 8-இல் கோப்பு சற்றே சிறிது, மாற்ற நேரம் அதிகம். வழக்கமான 5 போதும். ஒவ்வொரு ஃபிளாக் கோப்பும் தன் ஒலியின் எம்டி5 கைரேகையை உள்ளே வைத்திருக்கிறது. பழைய ஹார்ட் டிஸ்க்கிலிருந்து நகல் எடுக்கும்போது சோதனைக் கட்டளையை ஓட்டிவிட்டால் ஒரு பிட் கெட்டிருந்தாலும் சொல்லிவிடும்.

வேறு எங்கிருந்தாவது வந்த கோப்பு உண்மையிலேயே லாஸ்லெஸா? ஸ்பெக் மாதிரி ஒரு ஸ்பெக்ட்ரம் கருவியில் திறந்து பாருங்கள். 16 கிலோஹெர்ட்ஸில் கத்தியால் வெட்டியது போல நேர்கோட்டில் முடிந்தால் அது 128 கேபிபிஎஸ் எம்பி3-யிலிருந்து ஊதிப் பெருக்கியது. 20-இல் அப்படி முடிந்தால் 320-ஆக இருக்கலாம். ஆனால் அவசரப்படக் கூடாது. பழைய லைவ் டேப்பில் 14, 15 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் இசையே மங்கலாகத்தான் இருக்கும். மெதுவாகக் கரைந்து இருளில் போனால் அது டேப்பின் இயல்பு, மோசடி அல்ல. சில பதிவுகளில் 15.7 கிலோஹெர்ட்ஸில் மெல்லிய கோடு ஒன்று ஆரம்பம் முதல் கடைசி வரை ஓடும். பக்கத்தில் இருந்த பழைய டிவி மானிட்டரின் விசில் அது. ஐரோப்பிய வகை டிவியாக இருந்தால் 15.6. படமெடுத்த கச்சேரிகளில் இதைப் பார்க்க அதிக வாய்ப்பு.

கிரேட்ஃபுல் டெட் குழுவைக் கேட்பவர்களுக்கு இன்னொரு குறிப்பு. அவர்களின் பழைய கச்சேரி சிடிகளில் பல எச்டிசிடி முறையில் (16 பிட் சிடிக்குள் கூடுதல் ஒலி விவரத்தை ஒளித்து வைக்கும் முறை) குறியிடப்பட்டவை. சாதாரணமாக ரிப் செய்தால் ஓடும், ஆனால் உச்சங்கள் அமுங்கியே இருக்கும். ஃபூபாரிலோ டிபி பவர்ஆம்பிலோ எச்டிசிடி டிகோடர் சேர்த்து விரித்து, 24 பிட்டாகச் சேமிக்க வேண்டும். 24 பிட்டுக்கு நியாயமான காரணம் இருக்கும் அபூர்வ இடம் இது. இன்டர்நெட் ஆர்க்கைவின் லைவ் மியூசிக் பகுதியில் ரசிகர்கள் எடுத்த டெட் பதிவுகளை ஃபிளாக்காகவே இறக்கலாம். மேடை மிக்சரிலிருந்து நேராக எடுத்த சவுண்ட்போர்டு பதிவுகள் 2005-க்குப் பிறகு அங்கேயே கேட்பதற்கு மட்டும். அப்படி இறக்கியதைச் சிடியில் எழுதும்போது ட்ராக் எல்லையில் 'டிக்' கேட்டால், கோப்பு 588 சாம்பிளின் மடங்காக வெட்டப்படவில்லை என்று பொருள். சிடி ஒரு விநாடியை 75 துண்டாகப் பிரிக்கிறது, துண்டுக்கு 588 சாம்பிள். மிச்சத்தை மௌனத்தால் நிரப்பும்போது சொடுக்கு விழும். எஸ்எச்என்டூல் என்ற மென்பொருள் கொண்டு எல்லைகளைச் சரிசெய்தால் தீரும்.

எதில் ஆரம்பிக்கலாம்

ஆல்மன் பிரதர்ஸ் பேண்டின் 'அட் ஃபில்மோர் ஈஸ்ட்'. 1971 மார்ச்சில் நியூயார்க்கில் பதிவானது, டாம் டவுட் தயாரிப்பு. இரண்டு கிதார்கள், இரண்டு டிரம்மர்கள், யார் எங்கே இருக்கிறார்கள் என்று கையைக் காட்டிச் சொல்லலாம். கடைசிப் பாட்டு 'விப்பிங் போஸ்ட்' 23 நிமிடம், எல்பியில் ஒரு பக்கம் முழுக்க. நடுவில் ஒரு இடத்தில் வாத்தியங்கள் கிட்டத்தட்ட அடங்கிவிடும். அந்த இடத்தில் டேப்பின் இரைச்சல், ஆம்ப்ளிஃபயரின் ஹம், கூட்டத்தில் ஒருவரின் கூவல் எல்லாம் தனித்தனியே கேட்க வேண்டும். கேட்கவில்லை என்றால் மாஸ்டரிங்கோ ஹெட்போனோ, இரண்டில் ஒன்று சரியில்லை. பாட்டு முடிந்து கைதட்டல் மங்கும்போது அடுத்த பாட்டான 'மவுன்டன் ஜாம்' தொடங்கிவிடுகிறது, தொடங்கியதும் ஆல்பம் மறைந்துவிடும். மங்கிக்கொண்டே போகும் அந்தச் சில விநாடிகளில் எவ்வளவு தூரம் பின்தொடர முடிகிறது என்று பாருங்கள். இரண்டையும் அடுத்தடுத்து வைத்த விரிவான பதிப்பு கிடைத்தால் மங்கலே இல்லாமல் நேராக உள்ளே போய்விடலாம்.

இப்படிக் கேட்டுப் பழகிய காதுக்கு ஒரு பக்கவிளைவு உண்டு. எது நிஜமாகவே மேடையில் நடந்தது என்று தெரிய ஆரம்பிக்கும். மேடை மைக்கில் பாடியவரின் குரலுக்குப் பின்னால் சிம்பல் கசியும், குரல் நிற்கும் இடத்திலும் அந்த மைக் மூடும் வரை டிரம் லேசாகத் தொடரும். குரல் வந்து போகும்போது பின்னணியில் எதுவுமே மாறாமல் சுத்தமாக இருந்தால், பிறகு ஸ்டுடியோவில் பாடிச் சேர்த்ததாக இருக்க வாய்ப்பு அதிகம். தின் லிசியின் 'லைவ் அண்ட் டேஞ்சரஸ்' 1978-இல் வந்தபோதிலிருந்தே இந்தச் சண்டை ஓயவில்லை. பெரும்பகுதி ஸ்டுடியோவில் திரும்பச் செய்தது என்றார் தயாரிப்பாளர் டோனி விஸ்கான்டி, இசைக்குழுவின் தரப்பு மறுத்தது. குறைந்த பிட்ரேட் எம்பி3-யில் அந்த வழக்கை விசாரிக்க முடியாது. ஃபிளாக்கைப் போட்டு, நல்ல ஹெட்போனை மாட்டி, குரல் நிற்கும் ஒவ்வொரு இடத்திலும் அதற்குப் பின்னால் என்ன கசிகிறது என்று கேளுங்கள்.